வேலையை விடாமல் மேடை ஏறுவது எப்படி: தோட்டப்புறத்து நகைச்சுவைக்காரருக்கு ஒரு வழிகாட்டி

நான் மலேசியாவில், சிலாங்கூர் மாநிலத்தின் பெஸ்தாரி ஜெயாவில் இருக்கிறேன். எங்கள் அப்பா காலத்து ஆட்களுக்கு அது இன்னும் பத்தாங் பெர்ஜுந்தைதான். செம்பனை எண்ணெய் ஆலையில் எடைமேடைக் கிராணியாக 19 வருடம் ஆகிறது. லோரி வரும், எடை போடுவேன், சீட்டு எழுதுவேன். கடந்த 6 வருடமாக வார இறுதிகளில் ஸ்டாண்ட்-அப் காமெடி செய்கிறேன்.

இந்த 6 வருடத்தில் சிரிக்க வைக்கக் கற்றுக்கொண்டது ஒரு பங்கு என்றால், கடிதம், உரிமம், வரி, விடுப்பு என்று அலைந்தது இரண்டு பங்கு. யாரிடம் கேட்பது என்று தெரியாமல், தப்புச் செய்து செய்து கற்றுக்கொண்டேன். தோட்டத்திலிருந்தும் கம்பத்திலிருந்தும் (கிராமத்திலிருந்தும்) இப்போது நிறைய தம்பி தங்கைகள் மேடைக்கு வர ஆசைப்படுகிறார்கள். அவர்கள் நான் பட்ட அலைச்சலைப் பட வேண்டாம். வேலையை விட்டுவிட்டு வர நினைப்பவர்களுக்கு இது உதவாது. வேலையை வைத்துக்கொண்டே இதைச் செய்ய நினைப்பவர்களுக்குத்தான் எழுதுகிறேன்.

1. முதலில் முதலாளியிடம் எழுத்தில் அனுமதி

நகைச்சுவை எழுதுவதற்கு முன்பே இதைச் செய்யுங்கள். வரிசை மாறினால்தான் பிரச்சினை.

வேலையில் சேர்ந்தபோது கையெழுத்துப் போட்ட ஒப்பந்தத்தைத் தேடி எடுங்கள். வெளி வேலை, வெளி வருமானம் பற்றி அதில் ஒரு வரி இருக்கும். பெரும்பாலும் "நிர்வாகத்தின் எழுத்துப்பூர்வ அனுமதி இல்லாமல் செய்யக்கூடாது" என்றிருக்கும். அந்த வரி இல்லாவிட்டாலும் அனுமதி கேட்டு வைப்பது நல்லது.

நீங்கள் அரசு ஊழியர் என்றால் இது கட்டாயம். தமிழ்ப்பள்ளி ஆசிரியர்கள், மருத்துவமனை ஊழியர்கள், மாவட்ட அலுவலகத்தில் இருப்பவர்கள் எல்லாருக்கும் 1993ஆம் ஆண்டின் பொதுத்துறை அதிகாரிகள் நடத்தை, ஒழுங்கு விதிமுறைகள் பொருந்தும். துறைத் தலைவரின் எழுத்துப்பூர்வ அனுமதி இல்லாமல் காசு வாங்கி வெளி வேலை செய்ய முடியாது. அலுவலக நேரத்தில் செய்யக்கூடாது, உங்கள் வேலையைப் பாதிக்கக்கூடாது, அரசுப் பணியோடு முரண்படக்கூடாது என்பவை அதிலேயே இருக்கின்றன.

கடிதம் ஒரு பக்கம் போதும். மலாயில் எழுதுவது வசதி. நான்கு விஷயம் இருக்க வேண்டும்: என்ன செய்யப்போகிறீர்கள், வேலை நேரத்துக்கு வெளியேதான் செய்வீர்கள், நிறுவனத்தின் பெயரையோ சீருடையையோ பயன்படுத்த மாட்டீர்கள், ஷிப்ட் மாறினால் வேலைக்குத்தான் முன்னுரிமை. இரண்டு பிரதி எடுத்து, ஒன்றில் 'பெற்றுக்கொண்டேன்' என்று முத்திரை வாங்கி வீட்டில் வையுங்கள்.

நான் இதை வாயால் மட்டும் கேட்டேன். அப்போதைய மேலாளர் சிரித்துக்கொண்டே "செய் செய்" என்றார். ஒன்றரை வருடத்தில் அவர் மாறிப்போனார். புதிதாக வந்தவரிடம் யாரோ என் காணொளியைக் காட்டி, "இவர் வேறு வேலை பார்க்கிறார்" என்று சொல்லிவிட்டார்கள். விளக்கக் கடிதம் கொடுக்கச் சொன்னார்கள். 14 வருடத்துக்கு மேல் வேலை செய்த இடத்தில் அந்தக் கடிதத்தை எழுத உட்கார்ந்த இரவை நான் மறக்கவில்லை. வேலை போகவில்லை, ஆனால் மூன்று மாதம் நிம்மதி போனது. ஒரு தாள் இருந்திருந்தால் ஒன்றுமே நடந்திருக்காது.

2. விடுப்புக் கணக்கு

நீண்ட நாள் ஒரே இடத்தில் வேலை செய்வதில் ஒரு நன்மை இருக்கிறது. 1955 வேலைவாய்ப்புச் சட்டப்படி, 2 வருடத்துக்குக் கீழ் வேலை செய்தவருக்கு ஆண்டு விடுப்பு 8 நாள், 2 முதல் 5 வருடம் வரை 12 நாள், 5 வருடம் தாண்டினால் 16 நாள். இது குறைந்தபட்சம்தான், உங்கள் நிறுவனம் கூடவும் கொடுக்கலாம்.

16 நாளில் பாதியைக் குடும்பத்துக்கு ஒதுக்கிவிடுங்கள். பிள்ளைக்குக் காய்ச்சல், ஊரில் இழவு, கோயில் திருவிழா எல்லாம் அதிலிருந்துதான். மீதி 8 நாள் மேடைக்கு. சனிக்கிழமை இரவு நிகழ்ச்சிகளுக்கு விடுப்பே வேண்டியதில்லை என்பதால் 8 நாள் தாராளம்.

ஆலையில் வேலை செய்பவர்கள் ஒன்றைக் கவனியுங்கள். ஆண்டின் இரண்டாம் பாதியில், முக்கியமாக ஆகஸ்டு முதல் அக்டோபர், நவம்பர் வரை, குலை வரத்து உச்சத்தில் இருக்கும். வெட்டிய பழத்தைச் சீக்கிரம் ஆலைக்குள் விடவில்லை என்றால் எண்ணெயில் அமிலம் ஏறும், அதனால் ஆலை நிற்காது, லோரி வரிசை கேட் தாண்டிப் போகும். அந்த மாதங்களில் விடுப்பு கிடைக்காது. தீபாவளி விருந்து நிகழ்ச்சிகளும் அதே நேரத்தில்தான் வந்து குவியும். ஏற்பாட்டாளரிடம் சரி என்று சொல்லும் முன் ஷிப்ட் அட்டவணையைப் பாருங்கள்.

எம்சி (மருத்துவ விடுப்புச் சான்று) எடுத்துக்கொண்டு மேடை ஏறவே ஏறாதீர்கள். நிகழ்ச்சிக்கு வந்த யாராவது அன்றிரவே படத்தைப் போட்டுவிடுவார்கள், அதில் தேதி இருக்கும். பொய்யான எம்சி என்று வந்துவிட்டால் 20 வருட நல்ல பெயரும் கை கொடுக்காது.

3. முதல் ஐந்து நிமிடம்

ஓப்பன் மைக் என்பது யார் வேண்டுமானாலும் பெயர் கொடுத்து மேடை ஏறிப் பேசும் நிகழ்ச்சி. அதில் புதியவர்களுக்குப் பொதுவாக 5 நிமிடம் தருவார்கள். 4 நிமிடம் ஆனதும் பின்னாலிருந்து லைட் காட்டுவார்கள். லைட்டைப் பார்த்த பிறகும் பேசிக்கொண்டே போனால் அடுத்த முறை உங்களைக் கூப்பிட மாட்டார்கள். சிரிப்பு வரவில்லை என்றால்கூட மன்னிப்பார்கள், நேரம் தாண்டினால் மன்னிக்க மாட்டார்கள்.

ஐந்து நிமிடத்துக்குத் தமிழில் 500 வார்த்தை போதும், சிரிப்புக்கு இடம் விட வேண்டும். கைத்தொலைபேசியில் நேரம் வைத்து, நின்றுகொண்டு, வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். மனதுக்குள் படித்துப் பார்த்தால் 3 நிமிடமாகத் தெரிவது வாய்விட்டால் 6 நிமிடம் ஆகும்.

எதைப் பற்றி எழுதுவது? உங்கள் வேலையைப் பற்றித்தான். இதை நான் உறுதியாகச் சொல்கிறேன். கோலாலம்பூர் மேடையில் காதல் தோல்வி பற்றிப் பேச 10 பேர் இருப்பார்கள். பழக்குலை தரம் பிரிப்பதைப் பற்றிப் பேச உங்களை விட்டால் ஆள் இல்லை. என்னுடைய செட்டில் இன்றுவரை நன்றாகப் போகும் பகுதி இதுதான்: ஆலையில் குலையைப் பழுத்தது, அரைப்பழம், காய், அழுகல், நீளக்காம்பு, வெறுங்குலை என்று பிரிப்பார்கள். என் பெரியம்மா மாப்பிள்ளை பார்க்கப் போகும்போது அதே பட்டியலோடு போகிறார். "பையன் பழுத்துட்டான், ஆனா காம்பு நீளம், அம்மா கூடவே வர்றாங்க."

தோட்ட மண்டபத்தில் இதைச் சொன்னால் 'நீளக்காம்பு' என்ற வார்த்தையிலேயே சிரிப்பு வந்துவிடும். எதையும் விளக்க வேண்டியதில்லை. பெட்டாலிங் ஜெயாவில் அதே வரிக்கு மௌனம்தான் கிடைத்தது. அங்கே முதலில் 20 வினாடி ஒதுக்கி, காம்பு நீளமாக இருந்தால் எடை கூடுமே தவிர எண்ணெய் கூடாது, அதனால் ஆலை காசைக் குறைக்கும் என்று சொல்லிவிட வேண்டும். ஆகவே ஒவ்வொரு பகுதியையும் இரண்டு மாதிரி எழுதி வையுங்கள்: ஊருக்கு ஒன்று, பட்டணத்துக்கு ஒன்று. பெரட்டு (காலையில் ஆள் கணக்கெடுப்பது), தண்டல் (வேலை மேற்பார்ப்பவர்), ஆயாக்கொட்டகை (பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் இடம்), கித்தா (ரப்பர்) போன்ற வார்த்தைகளைப் பட்டணத்தில் விட்டுவிடாதீர்கள். அரை வரியில் விளக்கிவிட்டு அதே வார்த்தையைச் சொல்லுங்கள். அந்த வார்த்தைகளில்தான் உங்கள் குரல் இருக்கிறது.

வேலையைப் பற்றிப் பேசலாம், வேலை செய்பவர்களைக் காட்டிக்கொடுக்கக்கூடாது. மேலாளர் பெயர், நிறுவனத்தின் பெயர், விபத்து, சம்பளப் பிரச்சினை, எண்ணெய் விழுக்காடு எதுவும் மேடைக்கு வரக்கூடாது. ஆலைக்குள் காணொளி எடுக்கக்கூடாது. ஒருமுறை நான் உடன் வேலை செய்யும் ஒருவரின் பழக்கத்தைப் பேசினேன், பெயர் சொல்லவில்லை. ஆனால் எங்கள் வாட்ஸ்அப் குழுவில் எல்லாருக்கும் ஆள் யாரென்று தெரிந்துவிட்டது. அண்ணன் இரண்டு வாரம் என்னோடு பேசவில்லை. அவரிடம் போய் மன்னிப்புக் கேட்டேன், அந்தப் பகுதியை எடுத்துவிட்டேன்.

4. தொடக்கூடாதவை

இன்னும் ஒரு எல்லை இருக்கிறது: இனம், மதம், ஆட்சியாளர்கள் (சுல்தான்கள்). 1948 தேச நிந்தனைச் சட்டம் இன்னும் நடப்பில் இருக்கிறது. காணொளியாக வலையில் ஏற்றிவிட்டால் 1998 தொடர்பு, பல்லூடகச் சட்டத்தின் 233ஆவது பிரிவும் சேர்ந்துகொள்ளும். 2022இல் கோலாலம்பூரில் மதம் தொடர்பான ஒரு மேடைச் சம்பவத்துக்குப் பிறகு ஒரு நகைச்சுவை மன்றமே உரிமத்தை இழந்தது. மேடை ஏறியவர் பேசியதற்கு இடத்துக்காரரும் சேர்ந்து பதில் சொல்ல வேண்டியிருக்கும் என்பதை மறக்காதீர்கள். அறைக்குள் 30 பேர் சிரித்தார்கள் என்பது பாதுகாப்பு ஆகாது, ஒருவர் 15 வினாடி வெட்டிப் போட்டால் போதும்.

கோயில் மேடையில் இன்னும் கவனம். பூசை முடிந்த பிறகுதான் ஏற வேண்டும், சாமியைப் பற்றியோ சாமியாடுபவரைப் பற்றியோ பேசக்கூடாது, இரட்டை அர்த்தம் கூடவே கூடாது. முன்வரிசையில் பிள்ளைகளும் பாட்டிகளும்தான் உட்கார்ந்திருப்பார்கள்.

5. ஓப்பன் மைக்குக்குப் போய் வருவது

எங்கள் ஊரில் ஓப்பன் மைக் இல்லை. கிள்ளான் பள்ளத்தாக்குக்குத்தான், அதாவது கோலாலம்பூரும் அதைச் சுற்றிய ஊர்களும் உள்ள பக்கம்தான், போக வேண்டும். ஈஜோக் போய் லாத்தார் நெடுஞ்சாலையில் ஏறினால் சுமார் ஒரு மணி நேரம். வெள்ளி மாலை என்றால் இன்னும் அரை மணி சேர்த்துக்கொள்ளுங்கள்.

ஏற்பாட்டாளர்கள் பெரும்பாலும் இன்ஸ்டாகிராமிலோ வாட்ஸ்அப்பிலோ பெயர் எடுப்பார்கள். பேசுபவருக்குக் கட்டணம் கிடையாது, காசும் கிடைக்காது. பெட்ரோல், டோல், கார் நிறுத்தக் கட்டணம், கடையில் வாங்கும் ஒரு பானம் எல்லாம் சேர்த்து ஒரு இரவுக்கு எனக்கு 40 ரிங்கிட் ஆகிறது. மாதம் இரண்டு முறை என்றால் 80. இதை வீட்டுக்காரியிடம் முன்கூட்டியே சொல்லிவிட்டேன். நீங்களும் வீட்டில் சொல்லிவிடுங்கள். முதல் வருடத்தில் இது செலவு மட்டும்தான்.

முதல் முறை பெயர் கொடுக்காமல் போய்ப் பாருங்கள். யார் என்ன மொழியில் பேசுகிறார்கள், தமிழுக்கு எவ்வளவு இடம் இருக்கிறது என்று தெரியும். பெயர் கொடுத்துவிட்டால் அரை மணி முன்னதாகப் போங்கள், உங்கள் முறை முடிந்ததும் கிளம்பிவிடாதீர்கள். மற்றவர்கள் பேசும்போது உட்கார்ந்து கேட்பவரைத்தான் அடுத்த முறை கூப்பிடுவார்கள். தொலைபேசியை ஒலிப்பதிவில் போட்டு மேசையில் வையுங்கள். வீடு திரும்பும்போது காரில் கேட்டால், எங்கே சிரித்தார்கள், எங்கே நீங்களாகச் சிரித்தார்கள் என்று நினைத்துக்கொண்டீர்கள் என்பது தெரிந்துவிடும்.

திரும்பி வர நள்ளிரவு தாண்டும். மறுநாள் காலை ஷிப்ட் என்றால் போகாதீர்கள். இயந்திரம் பக்கத்தில் தூக்கக் கலக்கத்தோடு நிற்பது ஆபத்து.

6. சொந்த ஊரில் நிகழ்ச்சி நடத்துவது

ஆறேழு மாதம் போனதும் நம் ஊரிலேயே ஒரு நிகழ்ச்சி வைக்கலாமே என்று தோன்றும். தோன்ற வேண்டும், எனக்கு இதில்தான் பெரிய சந்தோஷம். ஆனால் பணமும் மானமும் போவதும் இங்கேதான்.

மண்டபம்: தோட்ட மண்டபம் என்றால் தோட்ட மேலாளருக்குக் கடிதம். தேதி, தொடங்கும் நேரம், முடியும் நேரம், எத்தனை பேர், ஒலிபெருக்கி உண்டா, வெளியாட்கள் வருகிறார்களா என்று எல்லாம் எழுத வேண்டும். வெளியிலிருந்து வரும் பேச்சாளர்களின் கார் எண்களைக் காவல் கொட்டகையில் முன்கூட்டியே கொடுங்கள், இல்லையென்றால் கேட்டிலேயே நிற்க வேண்டும். நகராண்மைக் கழகத்தின் பொதுமண்டபம் என்றால் விண்ணப்பப் பாரம், அடையாள அட்டை நகல், வாடகை, முன்பணம். முன்பணம் திரும்பக் கிடைக்கும், ஆனால் மறுநாளே கிடைக்காது. வங்கிக் கணக்குக்கு வரச் சில வாரம் ஆகும், அந்தக் காசை வேறு எதற்கும் நம்பியிருக்காதீர்கள்.

உரிமம்: திருமண விருந்தில் பேசுவது வேறு, பொதுமக்களைக் கூப்பிட்டு நடத்துவது வேறு. பொது நிகழ்ச்சிக்குக் கேளிக்கை உரிமம் தேவைப்படும். ஒவ்வொரு மாநிலத்துக்கும் தனிச் சட்டம் உண்டு, சிலாங்கூரில் அது 1995ஆம் ஆண்டுச் சட்டம். ஊராட்சி மன்றத்தின் உரிமப் பிரிவில் நேரில் போய்க் கேளுங்கள். நிகழ்ச்சி நிரல், பேசுபவர் பட்டியல், அடையாள அட்டை நகல்கள், மண்டப அனுமதிக் கடிதம், இருக்கை வரைபடம் ஆகியவற்றைத் தயாராக எடுத்துப் போங்கள். காவல் நிலையத்திலிருந்தும் பொம்பாவிலிருந்தும் (தீயணைப்புத் துறை) கடிதம் கேட்டால் அதற்கு இன்னும் நாளாகும். நான் 6 வாரத்துக்கு முன்பே விண்ணப்பித்துவிடுகிறேன். உரிமம் கைக்கு வரும் முன் போஸ்டர் அடிப்பதில்லை.

ஒரு சாப்பாட்டுக் கடையில் நடந்த நிகழ்ச்சிக்கு என்னைக் கூப்பிட்டிருந்தார்கள். உரிமம் இருக்கிறதா என்று நான் கேட்கவில்லை. இரண்டாவது ஆள் பேசிக்கொண்டிருந்தபோது அதிகாரிகள் வந்து நிறுத்தச் சொன்னார்கள். வந்திருந்த 40 பேருக்கும் காசைத் திருப்பிக் கொடுத்தார்கள். பினாங்கிலிருந்து பேருந்து ஏறி வந்த ஒரு தங்கை மேடையே ஏறாமல் திரும்பிப் போனாள். அன்றிலிருந்து யார் கூப்பிட்டாலும் முதல் கேள்வி உரிமம் பற்றித்தான்.

டிக்கெட் விற்றால் 1953 கேளிக்கை வரிச் சட்டம் இருக்கிறது. நுழைவுக் கட்டணத்தில் 25 விழுக்காடு வரை போகலாம், சில நிகழ்ச்சிகளுக்கு விலக்கும் கிடைக்கும். டிக்கெட் விலை முடிவு செய்யும் முன்பே கேட்டுவிடுங்கள். அப்புறம், தமிழ்நாட்டிலிருந்து ஒருவரைக் கூப்பிட்டால் கூட்டம் வரும் என்று யாராவது யோசனை சொல்வார்கள். வெளிநாட்டுக் கலைஞர் என்றால் புஸ்பால் (வெளிநாட்டுக் கலைஞர் நிகழ்ச்சிகளுக்கு அனுமதி தரும் அரசுக் குழு) அனுமதி வேண்டும். சுற்றுலா விசாவில் வந்தவரை மேடை ஏற்றினால் அவருக்கும் சிக்கல், உங்களுக்கும் சிக்கல். முதல் நிகழ்ச்சியில் அது வேண்டாம்.

தேதி: சம்பளம் அடுத்த மாதம் 7ஆம் தேதிக்குள் போட்டுவிட வேண்டும் என்பது சட்டம். அதனால் 7ஆம் தேதிக்குப் பிறகு வரும் முதல் சனிக்கிழமைதான் நல்ல நாள். மாதக் கடைசியில் வைத்தால் பாதி நாற்காலி காலி. நேரம் 7.30, முடிவு 9.30. மறுநாள் ஞாயிறுதானே என்று இழுக்காதீர்கள், குலை வரத்து அதிகமான காலத்தில் ஞாயிறும் பெரட்டு உண்டு, விடியும் முன் எழ வேண்டும்.

7. காசு வாங்க ஆரம்பித்தால்

எனக்கு முதலில் கிடைத்தது ஒரு பிறந்தநாள் விருந்தில் 15 நிமிடத்துக்கு 150 ரிங்கிட். அந்த 150ஐ நான் எங்கேயும் எழுதி வைக்கவில்லை. அது தப்பு.

எப்போதாவது ஒன்று என்றில்லாமல், தொடர்ந்து காசு வாங்க ஆரம்பித்துவிட்டால் அது வியாபாரம். தொடங்கிய 30 நாளுக்குள் எஸ்எஸ்எம்மில் (வியாபாரங்களைப் பதியும் அரசு ஆணையம்) பதிய வேண்டும். அடையாள அட்டையில் உள்ள சொந்தப் பெயரில் பதிந்தால் ஆண்டுக்கு 30 ரிங்கிட், வியாபாரப் பெயர் வைத்தால் 60. அவர்களுடைய ஈஸிபிஸ் இணையத்தளத்திலேயே செய்யலாம். சொந்தப் பெயரே போதும், மேடையில் உங்கள் பெயரைத்தானே சொல்லிக் கூப்பிடப் போகிறார்கள். நிறுவனங்களின் ஆண்டு விருந்துக்குக் கூப்பிடுபவர்கள் எஸ்எஸ்எம் எண் கேட்பார்கள், பில் கேட்பார்கள். அது இல்லாமல் இரண்டு நல்ல வாய்ப்பை நான் இழந்திருக்கிறேன்.

வரியில் பலரும் விழும் பள்ளம் ஒன்று உண்டு. சம்பளத்தில் மாதாமாதம் வரி பிடிக்கிறார்களே, அதோடு முடிந்தது என்று நினைப்பது. மேடை வருமானத்தையும் சேர்த்துக் கணக்குக் காட்ட வேண்டும். சம்பளம் மட்டும் உள்ளவர் 'பிஇ' பாரம், கடைசி நாள் ஏப்ரல் 30. வியாபார வருமானமும் இருந்தால் 'பி' பாரம், ஜூன் 30. பெட்ரோல், டோல், ஒலிவாங்கி ரசீதுகளை ஒரு உறையில் போட்டு 7 வருடம் வைத்திருங்கள். வெயிலில் ரசீது எழுத்து மறைந்துபோகும், அதனால் அன்றைக்கே படம் எடுத்துவிடுங்கள்.

கட்டணம் பேசும்போது பாதியை முன்பணமாக டுயிட்நவ்வில் (உடனடி வங்கிப் பணமாற்று) வாங்கிவிடுங்கள். தெரிந்தவர், சொந்தக்காரர் என்றாலும் வாட்ஸ்அப்பில் எழுதி அனுப்புங்கள். நான் அனுப்பும் செய்தி இதுதான், வேண்டுமானால் அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள்:

"வணக்கம் அண்ணே. தேதி, இடம், மேடை ஏறும் நேரம் இதோ. 15 நிமிடம் பேசுவேன். குடும்பத்தோடு கேட்கலாம். கம்பியுள்ள ஒலிவாங்கி ஒன்று, ஸ்டாண்ட் ஒன்று வேண்டும். நான் பேசும்போது சாப்பாடு பரிமாற வேண்டாம். உரிமம் எடுத்துவிட்டீர்களா? பாதிக் கட்டணம் வந்ததும் தேதி உறுதி. ஆலையில் ஷிப்ட் மாறினால் 7 நாளுக்கு முன்பே சொல்லிவிடுவேன், முன்பணத்தை முழுதாகத் திருப்பித் தருவேன்."